இருட்டு என்ன விலை

போத்தல் டிப்போவில் எனக்கு மூன்றாம் மேசை.
கான் ஒரு தொட்டி, பிளாஸ்டிக் ஒரு தொட்டி,
கண்ணாடி கடைசியில்.
ஒன்றுக்குப் பத்து சதம்.
அடிலெய்டில் குழந்தைக்கும் தெரிந்த கணக்கு.

மட்ச் முடிந்த மறுநாள் காலை
தன்னைவிடப் பருத்த இரண்டு பைகளை
இழுத்துக்கொண்டு வந்தாள் யோவானா.
பன்னிரண்டு வயதிருக்கும்.
நூற்றெண்பத்தாறு என்றேன்.
நூற்றெண்பத்தெட்டு என்றாள்.
தொட்டிக்குள் கைவிட்டு
ஒன்றுக்குள் ஒன்றாய் நசுங்கிக் கிடந்தவற்றைப்
பிரித்துக் காட்டினாள்.

கூபர் பீடிக்காரி.
எண்ணூற்றைம்பது கிலோமீற்றர் வடக்கே,
ஓப்பல் தோண்டும் பாலை.
கோல்ஃப் மைதானத்தில் புல்லே கிடையாதாம்,
ஆடுகிறவர்கள் ஒரு துண்டுப் புல்லைக்
கையோடு கொண்டுபோவார்களாம்.
யாரோ தோண்டிக் கொட்டிய மண்மேட்டில்
விடுபட்ட கல்லைப் பொறுக்கிப் பழகிய விரல்.
ஸ்டேடியத்துக் கதிரைகளுக்கடியிலும்
அதே வேலைதான் என்றாள்.
பச்சைப் போத்தல் ஒன்றை வெயிலில் பிடித்து
மெல்லத் திருப்பினாள்.
"நிறம் இருக்கு. விலைதான் இல்லை."
வைன் போத்தல். நாங்கள் எடுப்பதில்லை.

வாரத்தில் மூன்று நாள் தகப்பனுக்கு
இரத்தம் சுத்திகரிக்கிற மெஷின்.
அதற்காகத்தான் நகரம்.
முடிந்து வந்து பகலில் படுப்பார்,
படுத்தாலும் தூக்கமில்லை.
ஊரில் அவர்கள் வீடு பாறைக்குள்.
ஜன்னல் கிடையாது.
சுவிட்சை அணைத்தால்
கண் திறந்திருக்கிறதா மூடியிருக்கிறதா என்று
தொட்டுத்தான் பார்க்கவேண்டும்.
இங்கே மேல்மாடி, மேற்குப் பார்த்த அறை,
வெள்ளைத் துணித் திரை.
கறுப்புத் திரை நாற்பத்தொன்பது டொலர்.

இருட்டுக்கும் காசா?
நான் வந்த இடத்தில் அது சும்மா கிடைத்தது,
வேண்டாம் வேண்டாம் என்கிற அளவுக்கு.
ஐந்து வருடம் மின்சாரம் இல்லை.
ஜாம் போத்தலில் திரி போட்டு
அதை விரட்டப் பார்த்தோம்.
அவளிடம் சொல்லவில்லை.
பதினெட்டு டொலர் எண்பது சதம்,
எண்ணிக் கொடுத்தேன்.
அவள் திரும்ப எண்ணினாள்.

மூன்று மட்சுக்குப் பிறகு திரை வந்துவிட்டது.
வீட்டுக்காரன் ஆணி அடிக்க விடவில்லை,
டேப் போட்டு ஒட்டியிருக்கிறாள்.
"தூங்குகிறாரா?"
"கொஞ்சம். ட்ராம் சத்தம்."
பையைக் கவிழ்த்தாள்.
அமைதி என்ன விலை என்றுதான்
கேட்டிருப்பாள் போல.
கான்கள் கொட்டிய இரைச்சலில்
காதில் சரியாக விழவில்லை.