முந்நூற்று நாற்பது கிராம்

சீனக்குடாவில், துருப்பிடித்த எண்ணெய்க் குதங்களுக்குப் பின்னால்
வெளிச்சத்தை உறைய வைக்கிறார்கள்.
கிண்ணியாச் சட்டியில் தயிர் உறைவதுபோலத்தான்:
பழைய வெளிச்சத்தில் ஒரு கிள்ளு உறை,
மேலே கடல் பட்டுத் திரும்புகிற வெயில்,
பிறகு ஆட்டாமல் அசைக்காமல் நாலு மணித்தியாலம்.
தட்டைக் கவிழ்த்தால்
உப்புப் பாளம்போல் விழும்.

நான் அவற்றை நிறுப்பவள்.
மார்கழி விடிகாலை நொய்மை,
விளிம்பில் உதிரும், விரலில் ஒட்டும்.
நிலாவெளி நண்பகல் ஒன்றை
நாலு பேர் பிடித்தும் தூக்க முடியவில்லை.
நிலவு உறையவே இல்லை.
மூன்று பௌர்ணமி முயன்று பார்த்து
வடிகானில் ஊற்றினோம்.
அந்தக் கிழமை முழுக்கத் தவளைகள் தூங்கவில்லை.

சுங்கத்தில் கேட்டார்கள்:
இது கண்ணாடியா, மின்சாரமா, மீனா?
படிவத்தில் மூன்று பெட்டிதான் இருந்தது.
பிரதேபன் சேர் கொஞ்சம் யோசித்து
மீனுக்கு நேரே சரி போட்டார்.
குளிர்க் கொள்கலனாவது கிடைக்கும்.

வாங்குகிறவர்கள் என்ன செய்கிறார்கள்?
பாலம் கட்டுகிறார்கள் என்றான் ஒருவன்,
பல் அடைக்கிறார்கள் என்றாள் இன்னொருத்தி.
எனக்குத் தெரிந்தது ஒன்றுதான்.
உவர்மலை ஏற்றத்தில் லொறி குலுங்கிச் சிந்திய தூளை
தெருமான் ஒன்று நக்கிவிட்டுப் போனது.
இரவில் உட்துறைமுக வீதியில்
அதன் வாய் மட்டும் தனியே நடந்து திரிந்ததாம்.

மாலையில் பதினாலு கிலோ.
காலையில் பதினாலுக்குச் சிட்டிகை குறைவு.
தராசைத் திட்டினோம், உப்புக்காற்றைத் திட்டினோம்,
எலிக்கு மருந்து வைத்தோம்.
கடைசியில் கண்டுபிடித்தது நான்தான்:
யாராவது பார்த்தால் குறைகிறது.
கண்ணுக்குள் போனது திரும்பி வருவதில்லை.
அவ்வளவுதான் கணக்கு.

அன்றிலிருந்து கறுப்புப் படங்கு.
சுவரில் மூன்று மொழியிலும் ஒரு பலகை:
பார்க்க வேண்டாம்.
தூக்குகிறவர்கள் கண்ணை மூடித் தூக்கினார்கள்,
ஒருவனின் கால் நசுங்கியது.
இந்தக் கரையிலேயே அதிக வெளிச்சம் கிடக்கிற கொட்டிலுக்குள்
தடவித் தடவி நடந்தோம்.

கார்த்திகை மழையில் ஐந்து நாள் கரண்ட் இல்லை.
குடாவுக்கு அப்பால் மூதூர் இருக்கிற இடத்தில்
மூதூர் இல்லை.
ஆறாம் நாள் அறுபத்தோராம் பாளத்தை நிறுத்தேன்.
முந்நூற்று நாற்பது கிராமைக் காணோம்.
ஒரு பார்வைக்கு இவ்வளவு போகாது.
படங்கைத் தூக்கினேன்.
ஒரு பக்கம் மட்டும் தேய்ந்து
விரித்து வைத்த கொப்பியின் அகலத்துக்குப் பள்ளம்.
கீழே றப்பர்த் தூள்,
பென்சில் சீவல்,
ஒரு சோற்றுப் பருக்கை.

காவலாளி அஸ்மீர் தன் சப்பாத்தைப் பார்த்தபடி நின்றார்.
"மகளுக்கு ஓ எல், மிஸ்.
சோறு கொண்டு வாற பிள்ளை.
நான்தான் இருந்து படியெண்டு சொன்னன்."
என்ன பாடம்?
"கணக்கு."
விளங்கினதா?
"இருபடிச் சமன்பாடு விளங்கிட்டாம்.
கேத்திரகணிதத்துக்கு..."
நிறுத்திவிட்டார்.
"...இன்னும் கொஞ்சம் வேணுமாம்."

பதிவேட்டில், இழப்புக்கான காரணம் என்ற நிரலில்
ஈரப்பதம் என்று எழுதினேன்.
அறுபத்திரண்டாம் பாளத்தின் படங்கை
அவ்வளவு இறுக்கிக் கட்டவில்லை.

வெள்ளிக்கிழமை கப்பல் போய்விட்டது.
எந்தத் துறைமுகத்திலோ ஒருவன் அறுபத்தொன்றை இறக்கி
அந்தப் பள்ளத்தில் கைவைத்து
அச்சுப் பிழை என்று நினைக்கக்கூடும்.

நிறுக்கும்போது நான் முள்ளைத்தான் பார்க்கிறேன்,
பாளத்தை அல்ல.
ஆனால் முள்ளைப் பார்க்கவும் வெளிச்சம் வேண்டியிருக்கிறதே.
பாளத்துக்கு இரண்டு கிராம் வீதம்
இவ்வளவு நாளும் என்னிடம் வந்திருக்கிறது.
அதற்கு நிரல் இல்லை.