ஓமத்தண்ணீர்

மோல்மேனில் ஜூன் பிறந்தால்
மழைதான் முதலில் பள்ளிக்கு வரும்.
பிறகு சயாமா. பிறகு நாங்கள்,
பச்சைக் கைலி முழங்கால்வரை நனைந்து.

வருகைப் பதிவில் நான் மா தீரி வின்.
வீட்டில் செங்கமலம்.
இரண்டுக்கும் நடுவில் வகுப்பு வைத்த பெயர், கலாமா.
என் சித்தி பெயர் கலா.
கல்யாணப் பத்திரிகையில் பொன்னெழுத்தில் அச்சிட்டது.
அதே இரண்டெழுத்து, இங்கே
யாரோ எறிந்துவிட்டு
கையைத் தட்டிக்கொள்கிற கல்.

பெஞ்சுகளுக்கு எண் கிடையாது, விலை உண்டு.
சயாமா வீட்டில் மாலை டியூஷன் படிப்பவர்களுக்கு முன்வரிசை.
கரும்பலகை அவர்களுக்குத் தெளிவாகத் தெரியும்,
சயாமாவுக்கும் அவர்கள் தெளிவாகத் தெரிவார்கள்.
மேஜர் மகள் டியூஷனும் படிக்கவில்லை, பாடமும் படிக்கவில்லை;
ஜன்னல் காற்று அவளுக்கு.
பட்டாணி வறுக்கிறவர் மகளுக்கு
ஒழுகுகிற மூலை.
நோட்டு நனையாமல் எழுத
முதுகை ஓடுபோல வளைக்கக் கற்றிருந்தேன்.

சயாமா கெட்டவள் இல்லை.
ஒருமுறை என் நெற்றியில் தைலம் தடவினாள்.
அவள் சம்பளம் அரிசிக்கே போதாது என்பார் அப்பா,
பட்டாணியைப் பொட்டலம் கட்டியபடி.

திங்கட்கிழமை தவறாமல் வயிறு வலிக்கும்.
"பொய் வலியா, மெய் வலியா?" என்பாள் அம்மா.
எனக்கே தெரியாது.
ஓமத்தை வறுத்துக் கொதிக்கவைத்து
பழைய இருமல் மருந்து பாட்டிலில் ஊற்றித் தருவாள்.
"பத்து மணிக்குக் குடி."
பத்து மணிக்குத்தான் எங்களை விளையாட விடுவார்கள்.
அம்மாவுக்கு அது எப்படித் தெரிந்தது?

ஜூலையில் ஒருத்தி புதிதாக வந்தாள்.
நோ எ மூ. ஆற்றுக்கு அப்பால், கரேன் ஊர்.
பர்மியம் பேசுமுன் ஒருமுறை எச்சில் விழுங்குவாள்,
சொல் தொண்டையில் நின்று யோசிக்கும்.
என் பெஞ்சில் உட்காரவைத்தார்கள், சுவரோரம்.
சொட்டு இப்போது அவள் நோட்டில் விழுந்தது.

மூன்றாம் நாள்
எல்லோரும் கைகட்டிப் பாடம் ஒப்பிக்கையில்
அவள் மட்டும் பின்தங்கினாள்.
நான் சொன்னேன், மெதுவாகத்தான்: ஃபா.
பர்மியத்தில் தவளை. ஓரெழுத்து.

மேஜர் மகள் திரும்பினாள்.
என்னைப் பார்த்து அவள் சிரித்தது அதுதான் முதல்முறை.
இடைவேளைக்குள் வகுப்பெல்லாம் அந்தச் சத்தம்,
மழைக்காலக் குட்டைபோல.
அதன்பிறகு என்னை யாரும் கலாமா என்று கூப்பிடவில்லை.
எந்தப் பெயர் சொல்லியும் கூப்பிடவில்லை.
அதுவே போதுமாக இருந்தது.

அடுத்த திங்கள் வயிறு வலிக்கவில்லை.
"ஓமம் கேட்டுச்சு, பாத்தியா" என்றாள் அம்மா.
ஆனாலும் பாட்டிலை வைக்க மறக்கமாட்டாள்.
பையிலேயே போகும், பையிலேயே திரும்பும்.

ஆகஸ்டில் ஒருநாள்
தண்ணீர்ப்பானைகளுக்குப் பின்னால் அவள் குந்தியிருந்தாள்,
இரண்டு கையும் வயிற்றில்.
முகத்துத் தனக்கா கோடுகோடாக இறங்கியிருந்தது.
அப்படி உட்காருவது எப்படியென்று எனக்குத் தெரியும்.
எந்த விரல் எங்கே அழுத்தும் என்பதுகூட.

மூடியைத் திறந்து நீட்டினேன்.
முதலில் என்னைப் பார்த்தாள், வெகுநேரம்.
பிறகு மருந்தை முகர்ந்தாள்.
குடித்துவிட்டு "காரம்" என்றாள்,
விழுங்காமல், ஒரே மூச்சில்.
"உனக்கும் வலிக்குமா?"
"வலித்தது. போய்விட்டது."
எங்கே போனது என்று அவள் கேட்கவில்லை.

மணி அடித்தது.
நாலடி தள்ளியே நடந்தேன்,
மேஜர் மகள் பார்த்துவிடக் கூடாதென்று.

வகுப்பில், காலி பாட்டிலை எடுத்து
எங்கள் இரு நோட்டுக்கும் நடுவே வைத்தாள்,
சரியாகச் சொட்டு விழும் இடத்தில்.
சின்ன வாய் பாட்டிலுக்கு.
பாதித் துளி உள்ளே விழுந்தது.
மீதி தெறித்தது,
இரண்டு பக்கமும்.