மீதிச் சில்லறை

பெரியார் பஸ் ஸ்டாண்டில் ஷேர் ஆட்டோ கிளம்பியதும்
லந்துக்கார சிக்கந்தர் ஆரம்பித்தான்:
"நம்மூர்க்காரன் ஒருத்தன் படகு வாங்கிட்டாண்ணே.
வைகையில சொட்டுத் தண்ணி கிடையாது,
படகு எதுக்குடானு கேட்டா..."

அதற்குள் சிம்மக்கல்.
பின்னால் பஸ்காரன் ஹாரன் அடிக்க இறக்கிவிட்டான்.
மீதி ஐந்து ரூபாயும் தரவில்லை.
"நாளைக்கு வாங்கிக்கங்கண்ணே."
எதைச் சொன்னானோ.

மூன்று நாள் அதே நினைப்பு.
கல்யாணப் பத்திரிகைக்குப் பிழை பார்க்கையில்
மணமகன் பெயருக்கும் மணமகள் பெயருக்கும் நடுவே
காய்ந்த ஆற்றில் ஒரு படகு வந்து நிற்கும்.
மழை வருமென்று வாங்கியிருப்பான்.
மாமனார் சீராகக் கொடுத்திருப்பார்.
மானியம் கிடைத்திருக்கும்.
எல்லாம் சரியான பதில்கள்.
சரியான பதிலுக்கு எவன் சிரிப்பான்?
இருட்டில் மாடிப்படி இறங்குகிறோம்,
இன்னும் ஒரு படி இருக்குமென்று கால் வைத்தால்
தொம்மென்று தரை.
அந்த இல்லாத படியைத்தான் தேடிக்கொண்டிருந்தேன்.

நாலாம் நாள் முதலாளி சோலைமலை செத்துப்போனார்.
தத்தனேரிக்குப் போகும் வழியில்
கொட்டுக்காரர்கள் மூச்சு வாங்க நிறுத்திய நேரம்
எதிரே ஓர் ஆட்டோ.
தலையை நீட்டியவன் என்னைத்தான் பார்த்தான்,
பாடையைப் பார்க்கவில்லை.
"அண்ணே! எனக்கு நீச்சல் தெரியாதுல்லன்னானாம்!"

துண்டை வாய்க்குள் திணித்தேன்.
தோள் குலுங்கியது. கண்ணில் நீர் முட்டியது.
"முதலாளி மேல எம்புட்டுப் பாசம்" என்று
பைண்டிங் வீரபத்திரன் முதுகைத் தடவிக்கொடுத்தார்.
அழுகைக்கும் சிரிப்புக்கும் ஒரே முதுகு.

கொள்ளிச்சட்டியோடு முன்னால் போன மகன் மகேந்திரன் மட்டும்
ஒரு தடவை திரும்பிப் பார்த்தான்.

மறுநாள் சாம்பல் கரைக்க
ஆற்றுக்கு நடுவே நடந்தே போனோம்.
கரைப்பதற்கு லாரித் தண்ணீர், இரண்டு குடம்,
நாங்களே தூக்கிக்கொண்டு.
மொட்டைத் தலையைத் தடவியபடி கேட்டான்:
"நேத்து எதுக்குண்ணே சிரிச்சீங்க?"

பொய் வரவில்லை. சொன்னேன்,
படகிலிருந்து நீச்சல் வரை.
சொல்லும்போதே சப்பென்று போனது.
சிக்கந்தருக்கு வாய்த்த அந்த ஹாரன்
எனக்கு வாய்க்கவில்லை.

அவன் சிரிக்கவில்லை.
கலயத்தைக் கவிழ்த்தான். குடத்தைச் சரித்தான்.
இரண்டே மடக்கில் மணல் குடித்து முடித்தது.
கொஞ்ச நேரம் அந்த ஈரத்தையே பார்த்தவன்
"அப்பாவுக்கும் நீச்சல் தெரியாது" என்றான்.

யார் முதலில் சிரித்தோமென்று ஞாபகமில்லை.
மணலில் உட்கார்ந்துவிட்டோம்.
புல் மேய்ந்த எருமை தலை தூக்கிப் பார்த்துவிட்டுத்
திரும்ப மேய்ந்தது.

அந்த ஐந்து ரூபாய்
இன்னும் வரவில்லை.