ஆறு வரி

சனிக்கிழமை, டண்டினோங், நாற்பத்தொரு பாகை.
மீன் ஏற்றும் வானின் மூக்கைத் திறந்துவைத்துவிட்டு
நிழல் எந்தப் பக்கம் விழும் என்று பார்க்கிறேன்.
விழவில்லை.

மூன்று நாளாகக் கத்துகிறது.
விடியப்புறம் சாவி திருப்பினால் ஒரு கீச்சு,
ஸ்டியரிங்கை முழுக்க ஒடித்தால் நீளமாய் இன்னொன்று.
கேதீஸ் றேடியோவைக் கூட்டிவைத்து ஓட்டினான்.
அது அவனுடைய வைத்தியம்.

டோர்ச்சை வாயில் கவ்விக்கொண்டு குனிகிறேன்.
இரண்டு பெல்ட்.
முன்னால் இருப்பது மீன்பெட்டியின் குளிருக்கு மட்டும்.
பின்னால் ஓடுவது மற்ற எல்லாவற்றுக்கும்:
தண்ணீர்ப் பம்புக்கு, பற்றரிக்கு, ஸ்டியரிங்குக்கு.
ஒரே கறுப்புப் பட்டி
ஏழெட்டு இடத்தில் வளைந்து நெளிந்து
சம்பளம் கேட்காமல் சுற்றுகிறது.
சத்தம் அங்கிருந்துதான்.

வெடிப்பைத் தேடினேன். இல்லை.
பழைய காலத்து ரப்பர் வெடித்துக் காட்டும்,
நூல் பிரிந்து தொங்கும்,
நாமும் ஐயோ என்று ஓடிப்போய் மாற்றுவோம்.
இது வெடிக்காமல் தேய்கிற சாதி.
பள்ளத்தில் நகத்தை வைத்தேன்,
அடிவரை போய் உட்கார்ந்துகொண்டது.
வரியின் ஓரமெல்லாம் கண்ணாடிப் பளபளப்பு.
பார்க்க அழகு. அதனால்தான் வழுக்குகிறது.

பாகக் கடையில் ட்ரங் கேட்டாள்:
ஆறு வரியா, ஏழு வரியா?
குளிர்ப்பெட்டி பூட்டியதா, பூட்டாததா?
எஞ்சின் எந்த மாதம் செய்தது?
ஒரே வருடத்து வானுக்கு நாலு நீளமாம்.
பெல்ட்டின் முதுகில் எண் அழிந்து
கடைசி இரண்டு இலக்கம்தான் என் போனில் இருந்தது.
போதும் என்றாள். மேசையில் இரண்டு பெட்டி.
ஒன்று இருபத்தெட்டு டொலர், பேரில்லாதது.
மற்றது எழுபத்தொன்பது.
இருபத்தெட்டை எடுத்து வளைத்துப் பார்த்தேன்,
மணந்தும் பார்த்தேன்.
மீன்காரி, மணக்காமல் எதுவும் வாங்கிப் பழக்கமில்லை.
எழுபத்தொன்பதைக் கொடுத்தேன்.
ரசீதை மடித்துப் பைக்குள் வைத்தேன்,
ஆறு வரியை வருட முடிவில் வரியில் கழிக்கலாம்.

"முன்பெல்ட்டும் வேணுமா?"
"அது நல்லா இருக்கு."

நல்லாத்தான் இருந்தது.
போன கார்த்திகையில் போட்டது, ஒரு கீறலும் இல்லை.
ஆனால் அதைக் கழற்றாமல் பின்பெல்ட் வெளியே வராது.
அதற்கு இறுக்கி கிடையாது,
தன் இழுவையிலேயே தான் நிற்கிற பெல்ட்.
கழற்ற வழியில்லை. வெட்டலாம்.
வெட்டினால் முடிந்தது.

பன்னிரண்டு முப்பத்தைந்து. கடை ஒன்றுக்குப் பூட்டும்.
நாளை விடிய மூன்று மணிக்கு
ஸ்பிரிங்வேலுக்கு நாற்பது கிலோ இறால் போகவேண்டும்.
கேதீஸைக் காரில் துரத்தினேன்.
"நீட்டிப் பூட்டுற பெல்ட் எண்டு கேள்.
போடுறதுக்கு ஒரு பிளாஸ்டிக் துண்டு வரும், அதையும் வாங்கு."
"எத்தினை வரி?"
"நாலு."
"வடிவாப் பாத்தனியோ?"
கத்தியைக் கையில் வைத்துக்கொண்டு இன்னொருமுறை எண்ணினேன்.
நாலுதான்.

போன் வரும்வரை வெட்டவில்லை.
"ஒண்டே ஒண்டுதான் கிடந்தது, எடுத்திட்டன்."
மீன் கிழிக்கிற கத்தி. ஒரே இழுவை.
விலாங்குபோலத் துள்ளி என் மடியில் விழுந்தது.
குற்றமில்லாத ஒன்றை வெட்டினால் கை கொஞ்சம் யோசிக்கும்.
யோசித்துவிட்டு மற்ற வேலையைப் பார்த்தது.

ஸ்டிக்கரில் இருந்த பெல்ட் பாதை எப்போதோ வெளிறிப்போனது.
கழற்றுமுன் இறால் பில்லின் பின்பக்கம் வரைந்துகொண்டேன்.
சில்லுகளை ஒவ்வொன்றாய் விரலால் சுழற்றினேன்.
எல்லாம் பேசாமல் சுற்றின,
கீழே உள்ளது மட்டும் மணலை மென்றது.
புதுச்சில்லு தொண்ணூறு டொலர். கடை பூட்டியாயிற்று.

மூன்றே முக்காலுக்குச் சாவி திருப்பினோம்.
கீச்சு இல்லை. ஸ்டியரிங்கை ஒடித்தேன், இல்லை.
மீன்பெட்டியின் முள் இறங்கத் தொடங்கியது,
பன்னிரண்டு, ஒன்பது, ஐந்து.
எல்லாச் சத்தமும் போன இடத்தில்
அந்தக் கீழ்ச்சில்லு,
கேட்க நினைத்தால் மட்டும் கேட்கிற அளவில்.

கேதீஸ் றேடியோவுக்குக் கை நீட்டினான்.
தட்டிவிட்டேன்.