நாங்கன்னா

கிண்டி ஓட்டலின் மூன்றாம் மாடியில்
திரையில் ஒரு பனிப்பாறையைக் காட்டினார்கள்.
நீருக்கு மேலே உடை, உணவு, வணக்கம்.
நீருக்குள் முங்கிக் கிடப்பதுதான் பண்பாடு,
பத்தில் ஒன்பது பங்கு என்றார் பயிற்சியாளர்.
குறித்துக்கொண்டேன்.

எனக்குத் தெரிந்த ஐஸ்
காசிமேட்டில் கட்டையால் அடித்துக் கொட்டுவது.
அதற்கு மேலும் இல்லை, கீழும் இல்லை.
வஞ்சிரத்தின் கண்ணில் உருகி
செருப்பை நனைத்துக்கொண்டு ஓடும்.

சொல்லாமலே புரிந்துகொள்பவர்கள் இந்தப் பக்கம்,
சொன்னால்தான் புரியும் என்பவர்கள் அந்தப் பக்கம்.
நடுவில் ஒரு கோடு.
தமிழ்நாடு எங்கே சார் என்றேன்.
இந்தியா என்ற புள்ளியைத் தொட்டார்.
அம்பத்தூர் எஸ்டேட் பஸ்ஸைப் போலிருந்தது புள்ளி.
ஜார்கண்ட் பையன்களும் நாங்களும்
ஒருவர் காலை ஒருவர் மிதித்தபடி
அதற்குள் நின்றோம்.

அடுத்த வியாழன், இரவு ஷிப்டு.
நான்காம் நம்பர் பிரஸ்
டில்லிபாபுவின் வலது கையில் இரண்டு விரலை
எடுத்துக்கொண்டது.

மேலாளரின் குடும்பப் பெயர் நம்.
ஷாப்பில் எல்லோரும் 'நம்ம சார்' என்பார்கள்,
அவரும் சிரிப்பார்.
அதே ஒலிக்கு அவர் மொழியில்
'வேற்று ஆள்' என்றும் பொருள் உண்டு.
யாரிடமும் சொன்னதில்லை.
சொல்லாமல் விடுவதற்குத் தனியாகச் சம்பளம் கிடையாது.

ஸ்டான்லியில் கைக்கென்றே ஒரு பிரிவு.
நம் சார் வந்தார்.
இரண்டு கையாலும் ஜூஸ் பெட்டியை நீட்டினார்.
டில்லிபாபுவின் வலது கை
பஞ்சுப் பொதியாக மேலே தொங்கியது.
இடது கை எழுந்து, பாதியில் நின்று,
போர்வைக்குள் போனது.
வேண்டாம் என்கிறானா, என்றார் நம் சார்
என் காதருகே.
இல்லை, மரியாதை, என்றேன்.
அவருக்குப் புரியவில்லை.
புரிந்ததுபோல் தலையாட்டினார்.
அதை மட்டும் இங்கே கற்றுக்கொண்டிருக்கிறார்.

பிறகு இடுப்பு வரை குனிந்தார்.
குனிந்தபடியே இருந்தார்.
மின்விசிறி ஒன்பது, பத்து முறை கிறீச்சிட்டது.
"என்னா, வாயத் தொறக்க மாட்டாராமா?" என்றாள் தேசம்மாள்.
மௌனத்தை எந்த வேகத்தில் மொழிபெயர்ப்பது?

நிமிர்ந்ததும் சொன்னார்:
ஊரி
பார்த்துக்கொள்ளும்.

ஊரி என்றால் நாமும்தான், நாங்களும்தான்.
அவர்களும் நம்மைப் போலவே
எங்க அம்மா என்பார்கள், என் அம்மா என்பதில்லை.
ஆனால் அந்த 'எங்க'வில் கதவு கிடையாது.
தமிழில் கதவு உண்டு, தாழ்ப்பாளும் உண்டு.
'நாம் பார்த்துக்கலாம்' என்றால்
போன விரலின் கணக்கில்
டில்லிபாபுவுக்கும் ஒரு பங்கு.
'நாங்க பார்த்துக்கறோம்' என்றால்
முழுக் கணக்கும் கம்பெனிக்கு.

மனிதவள அதிகாரி கோதண்டராமன் செருமினார்.
அது எல்லா மொழியிலும் ஒரே செருமல்.

"நாங்க பாத்துக்கறோம்னு சொல்றார்"
என்றேன்.

தேசம்மாள் நம் சாரைப் பார்க்கவில்லை.
"நாங்கன்னா?
நீயும் சேத்தியாம்மா?"

எட்டு வருடம்
மற்றவர்களின் 'நான்' எல்லாம் என் வாயில்தான்.
என்னுடையதை யாரும் இதுவரை கேட்டதில்லை.
என்ன கேட்கிறார், என்றார் நம் சார்.
அந்தக் கேள்வியை அவர் மொழியில்
நேராகக் கேட்க வழியில்லை.
வளைத்துக் கேட்டிருக்கலாம்.
பார்வை நேரம் எப்போது முடியும் என்று கேட்கிறார்,
என்றேன்.

அவர் கடிகாரத்தைப் பார்த்தார்.
மறுபடி குனிந்தார்.
போனார், பின்னாலேயே கோதண்டராமன்.

நான் பையை எடுக்கும்போது
தேசம்மாள் பெட்டியைக் கிழித்து
ஒரு பாட்டிலை நீட்டினாள்.
"வெயில்ல வந்திருக்க, குடி."
இரண்டு கையாலும் வாங்கினேன்.
வாங்கிய பிறகுதான் என் கையைப் பார்த்தேன்.
டில்லிபாபுவும் பார்த்துக்கொண்டிருந்தான்.

"அதுல என்னா எழுதியிருக்கு?"

பேரிக்காய், என்றேன்.