மூன்று சதுர அடி

நாகலூர் எஸ்டேட்டில் காப்பி காயப்போடும் களம்,
ஆயிரத்து எண்ணூறு சதுர அடி கான்கிரீட்.
கிளாடிஸ் மேடம் கேட்டது பளபளப்பு:
"ஐந்து ரோட்டுப் பக்கம் ஒரு கார் ஷோரூம்,
தரையில் முகம் தெரியும். அந்த மாதிரி."

முகம் பார்க்கவா காப்பி காயப்போடுகிறீர்கள்
என்று நான் கேட்கவில்லை.
கொட்டேஷன் எழுதும் கை அப்படியெல்லாம் கேட்காது.

சொன்னது இதுதான்.
எபாக்ஸி, கூரைக்குக் கீழே ராஜா.
வெட்டவெளியில் ஒரு சித்திரை தாண்டாது,
மஞ்சளித்து மாவாகி விரலில் ஒட்டும்.
அக்ரிலிக், மேலே கிடக்கும் போர்வை.
இந்த மலையில் ஈரம்
வானத்திலிருந்து மட்டும் வருவதில்லை,
மண்ணிலிருந்தும் ஏறும்.
போக வழியில்லாத ஆவி
போர்வையைக் கொப்புளமாய்த் தூக்கிவிடும்.
மூன்றாவது ஒன்று உண்டு.
பார்க்கத் தண்ணீர், காப்பியில் ஏறும் வாசனையும் இல்லை,
கான்கிரீட் குடித்துவிடும்.
காய்ந்த பிறகு அடித்ததே தெரியாது.

"தெரியாததற்கா இவ்வளவு விலை?"

ஆசிட் ஊற்றித் தேய்த்தோம்.
சிமெண்டுப் பால் சீறி, நுரைத்து, ஓடையில் போனது.
தரை உப்புத்தாள் போல் உள்ளங்கையைப் பிடித்தது.
கழுவினோம். பிறகு காத்திருந்தோம்.

ஒரு முழம் பிளாஸ்டிக் தாள், நாலு பக்கமும் டேப்.
விடிந்ததும் உரித்தால் அடியில் வியர்வை.
மறுநாளும் வியர்வை.
கீழே அம்மாபேட்டையில்
துவைத்த சட்டை ஒரு மணியில் காயும்.
இங்கே செங்கோடனின் சாக்ஸ்
மூன்று நாளாய் ஜன்னலில் அழுதது.
மூடுபனிக்குக் கூலி யாரும் தருவதில்லை.
செடியில் பழம் சிவந்துகொண்டே இருந்தது,
மேடம் வராந்தாவிலிருந்து
"எப்போ?" என்று கேட்டுக்கொண்டே இருந்தார்.

ஐந்தாம் நாள் தாளின் அடி வறண்டிருந்தது.
சில்வர் ஓக் இடுக்கில் வெயில்.
பம்பை முதுகில் மாட்டி
முதல் கை உலரும் முன்னே இரண்டாம் கை.
தரை கறுத்தது, நெடுநேரம் குடித்தது,
மத்தியானத்துக்குள் வெளுத்து
ஒன்றுமே நடக்காத மாதிரி கிடந்தது.

மேடம் செருப்பு நுனியால் தேய்த்துப் பார்த்தார்.
"அடிச்சீங்களா?"
அடித்தோம்.
"பாதிப் பணம் மழைக்கு அப்புறம்."

ஒன்பதாம் நாள் ராத்திரி மழை.
காலையில் போன்: "உடனே வாங்க."
இருபது கொண்டை ஊசி வளைவும்
டின் விலை, ஆள் கூலி, பெட்ரோல் என்று
கழித்துக்கொண்டே ஏறினேன்.
பின்னால் செங்கோடன் வாயே திறக்கவில்லை.

களம் வெளுப்பாகவே இருந்தது.
சேப்பங்கிழங்கு இலையில் ஓடுவது போல
தண்ணீர் குண்டு குண்டாய் உருண்டு
சரிவில் இறங்கிக்கொண்டிருந்தது.
ஒரு மூலையைத் தவிர.
பழம் உரிக்கும் ஷெட்டை ஒட்டி
கறுப்பாய் ஒரு நனைவு:
வளைந்த முதுகு, மடக்கிய கால்,
மூக்கு வரை சுருண்ட வால்.

செங்கோடன் தன் கால் விரலைப் பார்த்தான்.
"நாலு நாளா நடுங்கிட்டுக் கெடந்துச்சுண்ணே.
அன்னிக்குத்தான் வெயிலு.
எழுப்ப மனசு வரல. சுத்தி அடிச்சுட்டேன்."

மேடம் குந்தி உட்கார்ந்தார்.
ஒரு கையைக் கறுப்பில் வைத்தார்,
மறு கையை ஒரு சாண் தள்ளி.
இரண்டு உள்ளங்கையையும் திருப்பிப் பார்த்தார்.
"அப்போ மத்த எடத்துல எல்லாம்
நெஜமாவே அடிச்சிருக்கீங்க."

காயட்டும், அதையும் அடித்துத் தருகிறேன் என்றேன்.
பதில் இல்லை. செக்கை உறையில் போட்டுக் கொடுத்தார்.

பதின்மூன்றாம் வளைவில் வண்டியை ஓரங்கட்டிப் பிரித்தேன்.
மூன்று சதுர அடிக்கான காசு கழிந்திருந்தது.
"என் கூலியில பிடிச்சுக்கங்கண்ணே" என்றான் செங்கோடன்.

அந்த நாய் இரண்டரைக்கு மேல் இருக்காது என்றேன்.