அட்டை வாசிப்பவன்

ரெயூனியன் தீவு, 1926

சேந்த்-ஆந்த்ரே ஆலை முற்றம்.
வெட்டு முடிந்த சனிக்கிழமை,
இரண்டு மூங்கிலுக்கு நடுவே
மேலாளர் வீட்டுப் படுக்கைத் துணி.
அதில் தைத்த கிழிசல் ஒன்று:
எந்த நாயகன் வந்தாலும்
கன்னத்தில் தழும்போடுதான் காதலிப்பான்.

படம் பேசாது. நான் பேசுவேன்.
பிரெஞ்சு அட்டை வந்து நிற்கிற நாலு மூச்சுக்குள்
தமிழிலும் கிரியோலிலும் கத்த
எனக்கு அரை பிராங்க், ஒரு குவளை ரம்.
கைப்பிடி சுற்றும் கஸ்தோன் வீராப்பனுக்கு
ஒரு பிராங்க்.
அவனுக்குத் தோள் இருந்தது, எனக்குத் தொண்டை.

வாசலில் வேர்க்கடலை விற்கும் செலின் அலமேலு
இருவருக்கும் ஒரே அளவுதான் போட்டாள்.
எண்ணிப் பார்த்தேன், முப்பத்தொன்று.
அவனும் எண்ணியிருப்பான்.

அன்றைய படத்தில்
பாரிசில் தொப்பி விற்கும் ஒருத்தி,
அவளுக்கு ஒரு ரொட்டிக்காரன், ஒரு தபால்காரன்.
ரொட்டிக்காரன் வானத்தைப் பார்த்து ஏதோ சொன்னான்.
அட்டையில் இருந்தது:
"மழை வரும்போல, குடை கொண்டுவாருங்கள்."
நான் சொன்னேன்:
"கடலைக் கூடையோடு நீ நிற்கிற வாசலில்
எனக்குக் கால் பின்னுகிறது."
விசில் பறந்தது.
பாரிசில் ஏதடா கடலை என்றான்
முன்வரிசையில் ஒருவன்.

கஸ்தோனுக்கு உறைத்துவிட்டது.
கைப்பிடியை விரட்டினான்.
என் ரொட்டிக்காரன் கோழியாய் ஓடி
மாவு மூட்டையில் தலைகுப்புற விழுந்தான்.
தபால்காரன் வந்ததும் தேர் நகர்கிற வேகம்;
தொப்பியைக் கழற்றவே ஒரு நிமிடம்.
விடுவேனா?
"சீனன் கடையில் பதினெட்டு பிராங்க் பாக்கி,
கடைவாய்ப் பல் ரெண்டு ஆட்டம்,
கட்டிக்கொள்வாயா?" என்றேன் அவன் வாயால்.
பதினெட்டு யாருடைய பாக்கி என்று
முற்றத்துக்கே தெரியும்.

சுற்றுவதை நிறுத்தினான்.
நின்ற வெளிச்சத்தில் பிலிம் கொப்பளித்தது.
தொப்பிக்காரிக்கு முதலில் மூக்கு போனது,
பிறகு சிரிப்பு.

இருட்டு. காசைத் திருப்பிக் கேட்டார்கள்.
வெட்டி ஒட்டி மாட்டியபோது
மிஞ்சியது கடைசி அட்டை மட்டும்.
நான் வாய் திறப்பதற்குள்
வாசலிலிருந்து ஒரு குரல், அவசரமே இல்லாமல்:
"பெண்ணை இன்னும் யாரும் கேட்கவில்லை."

அட்டையில் இருந்தது மூன்றே எழுத்து.

கூடையைத் தலைக்கு ஏற்றிக்கொண்டு
என்னைக் கடந்தபோது சொன்னாள்:
"அவன் குடைதான் கேட்டான்."
தூறல் விழத் தொடங்கியிருந்தது.

அத்தனை பெரிய துணியை மடிக்க
ஆள் இரண்டு வேண்டும்.
முனைக்கு இரண்டாய்ப் பிடித்துக்கொண்டு
நானும் கஸ்தோனும்
ஒருவரை நோக்கி ஒருவர் நடந்தோம்.